பிரெண்ட்ஸ் லிஸ்ட் வரவில்லை

“ஏங்க, இன்னும் ஒருநாள் கம்ப்யூட்டர் கிளாசுக்குப் போகலன்னா பரீட்சை எழுத விடமாட்டாங்க” என்றாள் பவானி.

“இரு. கேம் ஓடுது, பிரெண்ட்ஸ் லிஸ்ட் மட்டும் வரல.” கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்திருந்த கதிர்வேல் போனில் நண்பனிடம் புலம்பினான். “மச்சான், ரீஸ்டார்ட் பண்ணிட்டேன். அழிச்சுட்டு மறுபடி இன்ஸ்டாலும் பண்ணிட்டேன். வட்டம்தான் சுத்துது. நீங்க யாரும் இல்லாம தனியா என்னத்த ஆடுறது?”

அலுத்துப்போய் எழுந்து பைக்கை எடுத்தான். குடிகாட்டிலிருந்து திருப்பாதிரிப்புலியூர் வகுப்புக்குப் பவானியை நேரத்தோடு கொண்டுவந்து விட்டான்.

வகுப்பில் மாஸ்டர் கேட்டார்: “ஒரு புரோகிராமை மட்டும் நெட்டுக்குப் போகாம தடுக்கறது எப்படின்னு போன வாரம் சொல்லிக்குடுத்தேனே, யாராவது வீட்ல செஞ்சு பாத்தீங்களா?”

பவானி கையைத் தூக்கினாள். “பாத்தேன் சார். நல்லா வேலை செய்யுது. பரீட்சை முடிஞ்சதும் எடுத்து விட்டுடலாம்னு இருக்கேன்.”