வாய் திறவாத பதில்

அண்ணன் வீட்டுக்குப் புறப்பட்ட பூங்கோதை, பேருந்து நிலையத்துக்குப் போகும் வழியில் காதுச் சிப் கடைக்குள் நுழைந்தாள். கணவர் தணிகாசலம் அவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னால் வந்தார். அவர்தான் கொஞ்ச நாளாக அவளிடம் பேச்சையே விட்டுவிட்டாரே.

“பஸ்ல தூங்கணும்மா. சத்தத்த இன்னும் கொறச்சு விடு.”

கடைப்பெண் ஜெசிந்தா, பூங்கோதையின் காதுக்குள் பதித்திருந்த, இரைச்சலை வெட்டும் சிப்பை ப்ளூடூத்தில் பிடித்து, திரையில் திறந்தாள்.

“இதுக்கு மேல கொறையாதுக்கா. புது ப்ரோக்ராம் வந்ததிலேர்ந்து இருமல், கொட்டாவி, ம் கொட்டுறது எல்லாத்தையும் வெட்டுது.”

“ம் கொட்டுறதையா?”

“அது வார்த்தை இல்லையாம். இரைச்சல்ல சேத்துட்டாங்க.”

பூங்கோதை கணவரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் பெட்டியைக் கீழே வைக்காமல் நின்றிருந்தார்.

“அத மட்டும் வெட்டாம விடு.”

ஜெசிந்தா திரையில் ஒரு டிக்கை எடுத்தாள். பூங்கோதை கணவர் பக்கம் திரும்பினாள்.

“ராத்திரி கேட்டதையே கேக்குறேன். நான் எங்கண்ணன் வீட்டுக்கே போயிடட்டுமா?”

தணிகாசலம் வாயைத் திறக்கவில்லை.

“ம்ஹூம்.”

அவள் அப்படியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள்.

“ராத்திரியும் இதத்தான் சொன்னீங்களா?”

“ம்.”