இன்னொரு கை

அண்ணனுக்குப் பன்னிரண்டு லட்சம் என்றார் காப்பீட்டுக்காரர்.

பேரம் பேசாமல் நான் தலையாட்டிய முதல் தொகை அதுதான்.

வாக்குமூலத்தில் என் கையெழுத்து மட்டும் பாக்கி. அண்ணனைக் கடைசியாகப் பார்த்தவன் நான்.

எங்கள் துணிக்கடைக்கு அடியில் கிடங்கு. அன்று மழைவெள்ளம் உள்ளே பாய்ந்தபோது இருவரும் மூட்டைகளைத் தூக்கிக்கொண்டிருந்தோம். நான் படிக்கு வந்துவிட்டேன். அண்ணன் கழுத்தளவு தண்ணீரில்.

"மணிக்கட்டைப் பிடிச்சேன் சார். வழுக்கிருச்சு."

இதைப் பதினோராவது முறையாகச் சொல்கிறேன். சொல்லச் சொல்ல மெருகேறிவிட்டது. தண்ணீரில் கரைந்த நீலச் சாயம்கூட இப்போது கண்ணில் தெரிகிறது. அன்று விளக்கு அணைந்திருந்தது என்பது வேறு விஷயம்.

அண்ணனின் வலது கையும் தெரிகிறது. ஆள்காட்டி விரலைத் துணி வெட்டும் மெஷினுக்குக் கொடுத்த கை. "இனிமே யாரையும் கைநீட்டிக் குத்தம் சொல்ல முடியாது பாரு" என்று சிரிப்பார்.

"இன்னொரு கை?" என்றார் காப்பீட்டுக்காரர், தலை நிமிராமல்.

"படியோட கைப்பிடியைப் பிடிச்சிருந்தேன்."

எழுதிக்கொண்டு தாளை என் பக்கம் நகர்த்தினார்.

"சட்டையில மை பட்டுடும், தம்பி" என்று பக்கத்தில் நின்றிருந்த அண்ணியே என் வலது கைச் சட்டையை மடித்துவிட்டார்.

மடித்தவர் அப்படியே நின்றார்.

என் மணிக்கட்டில் நகக்கீறல்கள். இரும்புக் கதவு கிழித்தது என்று எல்லோரிடமும் சொல்லியிருந்தேன். என் ஞாபகமும் அதுதான்.

அண்ணி தன் விரல்களை ஒவ்வொன்றாக அவற்றின்மேல் பொருத்தினார். கட்டைவிரல். நடுவிரல். மோதிரவிரல். சுண்டுவிரல்.

ஆள்காட்டி விரலுக்கு மட்டும் இடமில்லை. அது அந்தரத்தில் நீண்டு, என்னைப் பார்த்தபடி நின்றது.

"கிடங்குப் படிக்குக் கைப்பிடியே கிடையாதே, தம்பி."

உண்மைதான். கட்டும்போது அது வீண் செலவென்று வேண்டாம் என்றவன் நான்தான்.

அப்படியென்றால் இடது கை?

குனிந்து பார்த்தேன். மேசைக்கடியில் அது, என்னைக் கேட்காமலே, இல்லாத எதையோ நெம்பி நெம்பிப் பிரித்துக்கொண்டிருந்தது.

ஒவ்வொரு விரலாக.

எண்ணினேன். நாலோடு நின்றது.

கணக்கு சரியாக இருந்தது.