புருவம் வரையாத படம்

தெருக்கடைப் பீப்பியில் குஞ்சமாகத் தொங்கிய பிலிம் துண்டை அவள் வெயிலுக்கு நேரே பிடித்தாள்.

அதில் இருந்தது அவளேதான்.

நகத்தளவு முகம். ஆனாலும் சந்தேகமில்லை. புருவத்தில் மை இல்லை.

மணிலாவில் நாற்பத்தேழு படம் நடித்தவள். கன்னியாஸ்திரி, விலைமாது, கொடுமைக்கார மாமியார், துப்பாக்கி தூக்கிய கெரில்லா, எல்லாம் ஆகிவிட்டாள். எந்த வேஷமானாலும் ஸ்டூடியோவில் ஒரே வில் புருவத்தைத்தான் வரைந்து விடுவார்கள். கம்பெனியின் முத்திரையாம். முத்திரை!

ஒரே ஒரு படத்தில், கண் தெரியாத சலவைக்காரி வேஷத்துக்கு, வரைய விடமாட்டேன் என்று ஒற்றைக் காலில் நின்றாள். கண் தெரியாதவள் எந்தக் கண்ணாடியைப் பார்த்துப் புருவம் வரைவாள்? முதலாளி மைப் பெட்டியை மூடச் சொல்லிவிட்டார்.

நடித்தேன் என்று அவள் நெஞ்சில் கைவைத்துச் சொல்லக்கூடிய படம் அது ஒன்றுதான்.

ஒரு பிரதி கொடுங்கள் என்று பத்து வருஷம் நடையாய் நடந்தாள். கிடங்கில் தீப்பிடித்து எல்லாம் எரிந்துவிட்டது என்றார் முதலாளியின் மகன். முகத்தை எவ்வளவு சோகமாக வைத்துக்கொண்டார்! இந்தப் பாவியும் கூடவே அழுதாள்.

பீப்பிக் கடைக்காரியிடம் கேட்டாள், இந்த பிலிம் எங்கே கிடைக்கிறதென்று.

"ஸ்டூடியோ கிடங்குலதாம்மா. வருஷா வருஷம் மூட்டை மூட்டையா எடைக்குப் போடறாங்க. ஜரிகை மாதிரி மின்னுது பாருங்க, புது வருஷத்துக்கு ஊதப் பிள்ளைங்க இதத்தான் கேக்குதுங்க."



அந்தப் பீப்பியை வாங்கிக் கைப்பையில் போட்டுக்கொண்டாள். அன்று சாயங்காலம்தான் ஸ்டூடியோவின் பொன்விழா. எந்த வேஷத்துக்கும் பொருந்தியவள் என்று அவளுக்கு ஒரு கேடயம். நன்றி சொல்ல இரண்டு நிமிஷம்.

மைக்கின் முன்னால் நின்றாள்.

பீப்பியை எடுத்து, மூச்சு உள்ளமட்டும் ஊதினாள்.

அரங்கம் குலுங்கிச் சிரித்தது. புது வருஷக் குறும்பு என்று நினைத்துவிட்டார்கள். எல்லோரையும்விடப் பலமாகக் கை தட்டியவர், கேடயத்தோடு மேடையில் காத்திருந்த முதலாளியின் மகன்.

கேடயத்தை அவள் வாங்கவில்லை. பீப்பியை அவர் கையில் திணித்தாள்.

"வெளிச்சத்துல பிடிச்சுப் பாருங்க சார். எரிஞ்சது போக மிச்சம்."

சிரித்த முகம் மாறாமல், அவர் அதை விளக்குக்கு நேரே தூக்கினார்.