கம்பத்துக்குப் பின்னால் நின்ற கார்

ஹோர்ன் கதையை அப்பாவே சொல்லட்டும் என்று பிரஷாந்தினி அதை லூக்கிடம் சொல்லாமல் வைத்திருந்தாள்.

லூக் முதன்முறையாக வீட்டுக்கு வந்திருந்தான். மொன்றியலின் ஓரத்தில் இருக்கும் சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூவில் விவசாயம் படிக்க ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தவன். சும்மா ஒரு சிநேகிதன் என்று பிரஷாந்தினி சொல்லியிருந்தாள். சும்மா சிநேகிதனுக்காக அவள் புதிய மேசைவிரிப்பு வாங்கி வரமாட்டாள் என்பது நகுலேஸ்வரனுக்கும் புஷ்பராணிக்கும் தெரியும்.

அவனுடைய ஊரின் பெயரைக் கேட்டதும் நகுலேஸ்வரனுக்குப் பாதிப் பயம் போய்விட்டது. மொன்றியலுக்கு வருவதற்கு முன் அந்த ஊர் நீர்வழங்கல் சபையில்தான் அவர் வேலை பார்த்தார். பிரஷாந்தினி பிறந்ததும் அங்கேதான். ஒரு தெரு, ஒரு கோதுமைக் களஞ்சியம், ஒரு ஃபுட்போல் கழகம். ஊர் அவ்வளவுதான்.

இப்போது அவர்கள் குடியிருக்கும் பியர்ஃபொன்ட்ஸில் எந்த வீட்டு விருந்திலும் அவர் அந்த ஹோர்ன் கதையைச் சொல்லாமல் எழுந்ததில்லை.

அந்த ஆஸ்திரேலிய ஊரில் குளிர்காலச் சனிக்கிழமைகளில் மைதானத்தைச் சுற்றிக் கார்களை நிறுத்திவிட்டு, உள்ளே இருந்தபடியே ஆட்டம் பார்ப்பார்கள். கையாலும் காலாலும் ஆடுகிற, அந்த நாட்டுக்கே உரிய ஃபுட்போல். தங்கள் ஆள் கோல் போட்டால் கைதட்டுவதில்லை. ஹோர்ன் அடிப்பார்கள். எண்பத்து நாலாம் ஆண்டு, இறுதியாட்டம், கடைசி உதை. பந்து கம்பத்தில் பட்டு உள்ளே விழுகிறது. கம்பத்தில் பட்டால் அது கோல் இல்லை. ஒரு புள்ளிதான். வெல்ல அது போதாது. ஊர் முழுவதும் வாயடைத்துப்போயிருக்க, ஒரே ஒரு கார் ஹோர்ன் அடிக்கிறது.

"என்ர கார். இவ கோல் எண்டு நினைச்சு எட்டி அமத்திப்போட்டா."

அந்த இடத்தில் எல்லாரும் புஷ்பராணியைப் பார்த்துச் சிரிப்பார்கள். அவளும் சிரித்துக்கொண்டே தேத்தண்ணி போடக் குசினிக்குப் போவாள்.

இன்றைக்கு நகுலேஸ்வரனுக்கு அந்தச் சிரிப்பு தேவைப்பட்டது. லூக் இடியப்பத்தைக் கரண்டியால் துரத்திக்கொண்டிருந்தான். கதைக்கு வழி பண்ணுவதற்காக, கழகம் எப்படி இருக்கிறது என்று நகுலேஸ்வரன் ஆங்கிலத்தில் கேட்டார்.

இப்போது இல்லை என்றான் லூக். நூறு வருடத்தைத் தொடுவதற்கு முன்பே பக்கத்து ஊர்க் கழகத்தோடு சேர்த்துவிட்டார்கள். பெயர் போனது. ஜேர்சியின் நிறமும் போனது. எண்பத்து நாலுக்குப் பிறகு கழகம் ஓர் இறுதியாட்டத்தைக்கூடக் காணவில்லை.

அந்த ஆண்டு இறுதியாட்டத்தின் கடைசி உதையை உதைத்தது அவனுடைய அப்பா.

நகுலேஸ்வரனின் விரல்கள் சொதிக்குள் நின்றன.

கம்பத்தில் பட்டதை அப்பா பொறுத்துக்கொண்டார் என்றான் லூக். எதிரணிக் கார்கள் அடிக்கப்போகும் ஹோர்னுக்கும் ஆயத்தமாகத்தான் நின்றார். ஆனால் முதல் ஹோர்ன் கம்பத்துக்குப் பின்னாலிருந்து வந்தது. சொந்த ஊர்க் கார்கள் நின்ற பக்கம். நீட்டி, சந்தோஷமாக, ஒரே ஒரு கார். ஊர்க்காரன் ஒருவனே தன்னைக் கேலி செய்துவிட்டான் என்று அவர் நினைத்தார். யார் என்று எவரிடமும் விசாரிக்கவில்லை. எல்லாரையும் சந்தேகித்தார். அதற்குப் பிறகு மைதானத்துக்குள் கால் வைக்கவில்லை. கழகத்தின் கடைசி ஆட்டத்துக்குக்கூடப் போகவில்லை. இன்றும் கடைக்குப் போவதென்றால் மைதானம் கண்ணில் படாத சுற்றுவழியால்தான் போகிறார்.

சாப்பாட்டு நேரத்தில் இதைச் சொன்னதற்காக லூக் மன்னிப்புக் கேட்டான்.

சிரிப்பதற்கென்று பிரஷாந்தினி ஆயத்தமாக வைத்திருந்த முகம் அப்படியே நின்றுவிட்டது. அப்பாவைப் பார்த்தாள். பிறகு அம்மாவை.

நகுலேஸ்வரன் வாயைத் திறந்தார். தண்ணீர் குடித்தார்.

புஷ்பராணி அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் கிளாசைக் கீழே வைக்கவில்லை.

"அது நான்தான் எண்டு தம்பிக்குச் சொல்லு பிள்ளை. கோல் எண்டு நினைச்சு, சந்தோசத்தில அடிச்சது. நக்கலுக்கு இல்லை."

பிரஷாந்தினி ஆங்கிலத்தில் சொன்னாள்.

லூக் முதலில் நம்பவில்லை. பிறகு இரண்டு உள்ளங்கைகளாலும் கண்களை மூடிக்கொண்டு சிரித்தான். சிரிப்பு போலத்தான் தொடங்கியது. இருபத்து மூன்று வருடம் என்றான். அங்கே இப்போது விடிந்திருக்கும், அப்பாவுக்குத் தொலைபேசியில் இதைச் சொல்லலாமா என்று கேட்டான். புஷ்பராணி தலையாட்டினாள்.

அவன் எழுந்து மேசையைச் சுற்றி வந்து அவள் கைகளைப் பிடித்தான். கறிக்கை என்று அவள் இழுத்துக்கொள்ளப் பார்த்தாள். அவன் விடவில்லை. நன்றி என்றான், பிரஷாந்தினி சொல்லிக்கொடுத்திருந்த தமிழில்.

நகுலேஸ்வரன் தன் கைகளை மேசைக்குக் கீழே எடுத்துக்கொண்டார்.

அன்றைக்குக் காரில், ஸ்டியரிங்குக்கு முன்னால் இருந்த நகுலேஸ்வரனுக்குப் பக்கத்து இருக்கையில், புஷ்பராணியின் மடியில் பிரஷாந்தினி படுத்திருந்தாள். மூன்று மாதக் குழந்தை. கோல் விழுந்தால் எல்லாக் கார்களும் ஒன்றாக அலறும், குழந்தை பயந்துவிடும் என்று, பந்து காற்றில் கிளம்பியபோதே புஷ்பராணி தன் இரண்டு கைகளாலும் அதன் காதுகளைப் பொத்தியிருந்தாள்.