மிரண்டு ஓடிய குதிரை

நியூயார்க் படகுத்துறையின் ஈரக் கற்களில் காலை வெயில் மின்னுகிறது. ஏழைச் சிறுவர்கள் பணக்காரர்களாகும் கதைகளை எழுதிப் பேர் வாங்கிய லெமுவேல் பிராக்கெட், வலது காலை மரப்பெட்டிமேல் வைத்து நிற்கிறார். அவர் யாரென்று தெரியாமலே ஆஸா அவரது காலணிக்கு மெருகேற்றுகிறான். அவனுக்கு முப்பது வயதிருக்கும்; இடதுகால் முழங்காலுக்குக் கீழே கோணியிருக்கிறது. "காலு என்னாச்சுப்பா?" என்கிறார் பிராக்கெட்.

"சின்ன வயசுல பிராக்கெட்டுனு ஒருத்தரோட கதைன்னா உசுருங்க. மெரண்டு ஓடுற குதிரைய ஒரு பையன் புடிச்சு நிறுத்துவான். வண்டில இருந்த பணக்காரரு அவனுக்கு வேலை போட்டுக் குடுப்பாரு. நானும் ஒருநாள் புடிச்சேன்."

"வண்டில இருந்தவரு என்ன சொன்னாரு?"

"குதிரைக்கு அடிபட்டுருக்கான்னு தடவிப் பாத்தாரு." ஆஸா சிரிக்கிறான், கையிலுள்ள துணி நிற்காமல் சடசடக்கிறது. "இப்ப எம் மவனுக்கு அந்தக் கதையத்தான் படிச்சுக் காட்டுறேன். ஏழு வயசுதான், குதிரைச் சத்தம் கேட்டா தெருவுக்கு ஓடிடுறான். ஐயா என்ன தொழிலு?"

பிராக்கெட்டின் காதுமடல்கள் சுடுகின்றன. "தொப்பி வியாபாரம்," என்கிறார். மெல்லக் காலை இறக்குகிறார். "இன்னொரு காலு பாக்கியிருக்குங்க," என்று பின்னாலிருந்து ஆஸா கூப்பிடுகிறான். அவர் திரும்பாமல் கூட்டத்துக்குள் நடக்கிறார், ஒரு காலணி மட்டும் பளபளக்க.