ஆடி முடித்த மயில்

"போர்டுல இருந்து அந்த மயிலை எடுத்துடுங்கக்கா. தீபாவளிக்குள்ள எடுக்கலைன்னா கோர்ட்டுதான்" என்றார் வெங்கடரமணன்.

தி.நகர் வணிகர் சங்க அறை. தலைவர் சுவாமிநாதன் நடுவில் உட்கார்ந்திருந்தார். சுந்தரவல்லி தன் பட்டுக்கடைக்குப் புதுப் பலகை மாட்டி ஒரு மாதம்தான் ஆகிறது. அதிலுள்ள தோகை மயில், போன வருஷம் தன் அடையாறு கடைக்காகப் புதிதாகப் பிறந்தது என்பது வெங்கடரமணன் கட்சி.

"போர்டுக்குத்தான் புதுசு தம்பி. எங்க பழைய வெப்சைட்டைத் திறந்தா முதல்ல இந்த மயில்தான் ஆடும்."

"திறந்து காட்டுங்களேன். அதெல்லாம் ஃபிளாஷ்ங்கிற பழைய சாஃப்ட்வேர்ல செஞ்சது. ஃபிளாஷுக்குக் காரியம் பண்ணி வருஷக்கணக்காச்சு. எந்தக் கம்ப்யூட்டர்லயும் ஓடாது."

சுந்தரவல்லி பையிலிருந்து லேப்டாப்பை எடுத்தாள். "கம்ப்யூட்டர்ல தேதியைப் பின்னால தள்ளி வெச்சா ஓடும்னாங்க. அப்புறம் தேதியையே மாத்தினவங்கன்னு நீங்க சொல்லுவீங்க. அதான், ஃபிளாஷ் மாதிரியே நடிக்கிற ஒரு சாஃப்ட்வேரை இறக்கி வெச்சிருக்கேன்."

திரை இருண்டது. ஒரு வட்டம் சுற்றிச் சுற்றி வந்தது. அப்புறம் மயில் இறங்கியது. தோகை விரிந்து முந்தானையாக வழிந்தது.

"அடேயப்பா" என்றார் தலைவர்.

"இதை நேத்துகூட வரைஞ்சிருக்கலாம் அண்ணாச்சி. எப்ப வரைஞ்சது, யார் வரைஞ்சதுன்னு என்ன சாட்சி?"

சுந்தரவல்லிக்கு வெப்சைட் செய்து கொடுத்த திருவல்லிக்கேணி கம்பெனியை எப்போதோ மூடிவிட்டார்கள். அதன் முதலாளியும் உயிரோடு இல்லை. அங்கே படம் வரைந்தது யார் என்று அவளுக்குத் தெரியாது.

"பார்த்தாச்சுல்ல, போதும். தாண்டிப் போக வலது ஓரத்துல 'ஸ்கிப்'னு பட்டன் வரும், அதை அழுத்துங்க" என்றார் வெங்கடரமணன்.

வந்தது. தலைவர் அழுத்தினார். மறுபடியும் அழுத்தினார். மயில் தன் பாட்டுக்கு ஆடிக்கொண்டிருந்தது.

"அந்த பட்டன் மட்டும் இதுல வேலை செய்யலை அண்ணாச்சி" என்றாள் சுந்தரவல்லி சங்கடத்தோடு. "நாங்களே இதை முழுசாப் பார்த்ததில்லை. அதை அழுத்திட்டு நேரா சேலை பார்க்கப் போயிடுவோம்."

வெங்கடரமணன் எழுந்துவிட்டார். "எனக்குக் கடையில ஆள் காத்திருக்கு."

"இருங்க, ஆடி முடிக்கட்டும்" என்றார் தலைவர்.

மயில் தோகையை மடக்கியது. திரையின் அடியில் பொடி எழுத்தில் ஒரு வரி மெல்ல எழுந்தது. தலைவர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு உரக்கப் படித்தார்:

"சுந்தரவல்லி சில்க்ஸுக்காக, தீபாவளி 2006. வரைந்தவர்: வெங்கடரமணன்."

"உட்காருங்க தம்பி" என்றாள் சுந்தரவல்லி. "நல்லாத்தான் வரைஞ்சிருக்கீங்க."