எல்லாத் துப்பாக்கிக்கும் பொருந்தும்

லைல் சட்டென்று துப்பாக்கியை உருவினார். தொடையில் கட்டியிருந்த உறையும் அதோடு சேர்ந்து மேலே வந்தது.

"பாத்தீங்களா? இது உறையா, அட்டைப்பூச்சியா? ஒட்டிக்கிட்டா விடமாட்டேங்குது," என்றார். எதிரே பார்ப்பதற்கு ஒருவரும் இல்லை. வேலிக்கம்பத்தின் மேல் நிறுத்தி வைத்த செல்போன்தான் படம் பிடித்துக்கொண்டிருந்தது.

மரம் ஏற்றும் லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர் லைல். மொன்டானாவில், ஊர் முடிந்து மூன்று மைல் தள்ளி வீடு. மனைவி மார்லிஸ் போய்ச் சேர்ந்து இரண்டு வருடம் ஆகிறது. மலிவான வேட்டைச் சாமான்களை வாங்கிச் சோதித்து வீடியோ போடுவதுதான் இப்போது அவருக்குப் பேச்சுத்துணை.

இந்த வாரம் தொடையில் கட்டும் உறை. விலை இருபத்து மூன்று டாலர். 'எல்லாத் துப்பாக்கிக்கும் பொருந்தும்' என்று பாக்கெட்டில் கொட்டை எழுத்தில் போட்டிருந்தது. ஊருக்கெல்லாம் சேர்த்துத் தைத்த சட்டை யாருக்குத்தான் பொருந்தியிருக்கிறது?

நடந்தார், மண்டியிட்டார், ஓடையைத் தாண்டிக் குதித்தார். பத்தே எட்டில் பட்டை முழங்காலுக்கு இறங்கி, உறை மாட்டின் கழுத்து மணி போல ஆடியது. அறுபத்து மூன்று வயதில் குதித்ததற்கு முழங்கால் தனியாக வலித்தது.

உறையை மட்டும் குறை சொல்லியும் பயனில்லை. உள்ளே இருந்தது நீல நிறப் பிளாஸ்டிக் பொம்மைத் துப்பாக்கி. போன வீடியோவைப் பார்த்த பதினோரு பேரில் ஒருவன் கீழே எழுதியிருந்தான்: "பொம்மையை வச்சுச் சோதிக்கிற ஒரே ஆள் நீங்கதான் தாத்தா. நிஜத் துப்பாக்கி எங்க, அடகுக் கடையிலயா?" லைலுக்கு அது சுருக்கென்று தைத்தது.

நிஜத் துப்பாக்கி டுவேனிடம் இருந்தது. பள்ளிக்கூட நாளிலிருந்து சிநேகிதர். பிப்ரவரியில் வந்து கைத்துப்பாக்கி, மான் வேட்டைத் துப்பாக்கி இரண்டையும் எடுத்துக்கொண்டு போனவர், எட்டு மாதமாகியும் திருப்பித் தரவில்லை. ஞாயிறு தவறாமல் போன் செய்து, "சாப்பிட்டியா, தூங்கினியா" என்று பெற்ற தாய் மாதிரி விசாரிப்பார். துப்பாக்கிப் பேச்சை மட்டும் எடுக்கவே மாட்டார்.

இன்று காலை லைலே போன் போட்டுவிட்டார்.

"எனக்கு என் துப்பாக்கி வேணும்டா. இன்னைக்கே வேணும்."

 "சரி, வர்றேன்," என்றார் டுவேன்.

மதியம் டுவேனின் வண்டி வாசலில் வந்து நின்றது. இரும்புப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு, இறங்காமல் அப்படியே உட்கார்ந்திருந்தார் மனிதர். வேட்டைக்காலம் தொடங்க ஒரு வாரம்தான் இருந்தது. ஊரில் எல்லார் வீட்டிலும் துப்பாக்கி துடைக்கிற நேரம்.

"என்னடா இப்படி இளைச்சிருக்க?" என்று உள்ளேயிருந்தே கேட்டார் டுவேன்.

"அதை விடு. பெட்டியைக் குடு."

"இன்னும் ரெண்டு மாசம் போகட்டுமே லைல்."

"யார் துப்பாக்கிடா அது? உங்கப்பா வாங்கிக் குடுத்ததா?"

"உன்னுதுதான். யார் இல்லைன்னா?" டுவேன் இறங்கி வந்து, வண்டியின் பின்பலகையில் பெட்டியை வைத்தார். கையை மட்டும் அதன்மேலிருந்து எடுக்கவில்லை. "வீடியோவுக்கு மட்டும்தானே?"

"பின்ன, கல்யாண ஊர்வலத்துக்கா? சாவியைக் குடுடா."

சாவி கைமாறியது. லைல் திறந்து பார்த்தார். மார்லிஸ் பரிசாகக் கொடுத்த கைத்துப்பாக்கி, எண்ணெய் போட்டுத் துடைத்துப் பளபளவென்று இருந்தது.

"தோட்டா எங்க?"

"என் வீட்டுல இருக்கு. ஒண்ணுகூட எடுத்துட்டு வரல."

"கஞ்சப்பய."

இங்கே யாரும் அப்படித்தான் செய்வார்கள்: துப்பாக்கி காலி என்று முதலில் கேமராவுக்குக் காட்டினார், பிறகு டுவேனுக்கும் காட்டினார். டுவேன் ஒரு தடவைக்கு இரண்டு தடவை குனிந்து பார்த்தார். அதன் பிறகே அதை உறையில் செருகிப் பட்டையை இறுக்கினார் லைல்.

ஓடை வரை நடந்து திரும்பினார். பொம்மைக்கு ஆட்டம் போட்ட உறை, நிஜத்தின் கனத்துக்கு அடங்கி இம்மியும் அசையவில்லை. கிண்டல் செய்தவனுக்கு இதைவிட நல்ல பதில் கிடையாது.

ஆனால் லைல் கேமரா பக்கம் திரும்பவில்லை. பிடியின் மேல் உள்ளங்கையை வைத்தபடி நின்றுவிட்டார். வீட்டையும் வெறும் வாசலையும் பார்த்தார்.

"லைல்?" டுவேன் இரண்டு எட்டு முன்னால் வந்தார்.

லைல் போனை அணைத்தார். துப்பாக்கியை உருவிப் பெட்டியில் வைத்துப் பூட்டி, சாவியை டுவேனின் கையில் திணித்தார்.

"என்னடா ஆச்சு? நல்லாத்தானே நின்னுது. வேணும்னு நீதானே கூப்பிட்ட?"

லைல் சிநேகிதரின் கையை விடவில்லை.

"பிப்ரவரில என்னை நானே ஏதாவது பண்ணிக்குவேனோன்னு பயம் வந்து, இதை எடுத்துட்டுப் போன்னு உன்னைக் கூப்பிட்டேனே, அந்தப் பயம் இன்னும் போகலடா."